பூச்சியம் சொன்னவள்

வெள்ளவத்தை
06.02.2024

பேராசிரியர் அவர்களுக்கு,

போனில் கத்தினாலும் உங்களுக்குக் கேளாது, அதனால் எழுதுகிறேன். எழுத்துப் பிழைக்குச் சிவப்புப் பேனை எடுக்க வேண்டாம்.

இங்கே என்னோடு வந்து இருக்கட்டுமா என்று கேட்டிருக்கிறீர்கள். பேத்தி நிருஷாவைப் பார்க்கிற சாட்டில் கண்டியை விட்டு வந்தவள், ஏழு வருடமாக ஏன் திரும்பவில்லை என்று ஒருநாளாவது கேட்டீர்களா?

நாற்பது வருடத்துக்கு மேல் நெஞ்சுக்குள் வைத்திருந்ததை நானே சொல்கிறேன். எழுபத்தைந்தாம் ஆண்டு, ஆவணி, வியாழக்கிழமை. வெள்ளைக்காரப் பேராசிரியர் சாப்பிட வந்தார். நண்டுக் குழம்பு. என்னைக் காட்டி யாரென்று கேட்டார். கட்டின பெண்சாதியை "வீட்டு வேலைக்கு உதவி" என்றீர்கள். ஐந்தாம் வகுப்புக்காரிக்கு அவ்வளவு இங்கிலீசு விளங்காது என்று நினைத்தீர்களாக்கும்.

உங்கள் ஆராய்ச்சிக்கு ஊசல் குண்டின் ஆட்டத்தை ஒரு மாதம் எண்ணித் தந்தவள் நான். குண்டை விடும்போதே "ஒன்று" என்று தொடங்கினீர்கள். "ஆட முன்னம் என்ன ஒண்டு? பூச்சியம் எண்டு சொல்லுங்கோ" என்றேன். அட்டவணை முழுக்கத் திருத்தினீர்கள். அந்த என்னைத்தான் உதவி என்றீர்கள்.

இதற்குப் பதில் எழுதுங்கோ. வருவதைப் பிறகு கதைப்போம்.

பிரஷர் குளிசையை மறக்க வேண்டாம்.

நாகமணி

கண்டி
15.02.2024

என் நாகத்துக்கு,

வியாழக்கிழமைதான். மனைவி படிக்காதவள் என்று சொல்ல வெட்கப்பட்டேன். மன்னியும்.

உமக்குத் தெரியாதது ஒன்றும் உண்டு. நீர் குசினிக்குள் போன பிறகு, அதே மேசையில் அவர், எண்ணிக்கைப் பிழையைக் கண்டுபிடித்தது யார் என்று கேட்டார். "நான்" என்றேன். அதனால்தான் என் வேலை நிரந்தரமானது. இதை மறைத்துக்கொண்டு உம்முடைய வீட்டுப் படியேற மனமில்லை. வர வேண்டாம் என்றால் வரமாட்டேன்.

இன்னொன்று. அந்த மாதம் நாலு நாள் அளவீடு பிழைத்தது. குறிப்பேட்டில் "கருவிக் கோளாறு" என்று எழுதினேன். கருவியில் ஒரு கோளாறும் இல்லை. நீர் எண்ணும்போது உம்முடைய உதட்டைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கடிகாரத்தை நிறுத்த மறந்துவிட்டேன்.

சிவானந்தன்

வெள்ளவத்தை
22.02.2024

இஞ்சேருங்கோ,

இந்தக் கடிதத்தை நிருஷாவின் கண்ணில் காட்டவில்லை. உதட்டு விசயத்தையெல்லாம் தாளில் எழுதுவார்களா? எழுபத்தெட்டு வயதில்!

"நான்" என்று சொன்னீர்களாமே. அது தெரியாமல் இத்தனை வருடம் உங்களுக்கு முட்டை பொரித்துத் தந்திருக்கிறேன். இதைக் கடிதத்தில் கோபித்து முடிக்க ஏலாது. முகத்துக்கு நேரே ஏச வேணும்.

அடுத்த ஞாயிறு வாருங்கோ. கோட்டையில் ரயில் மாறுங்கோ. பராக்குப் பார்த்துப் பம்பலப்பிட்டியில் இறங்கி நிற்க வேண்டாம். நான் வெள்ளவத்தை ஸ்டேசனில் நிற்பேன்.

ஏசி முடிக்க நிறைய நாள் எடுக்கும். எல்லா உடுப்பையும் கட்டிக்கொண்டு வாருங்கோ.

நாகம்