திறக்காத மைக்

மார்ச் 4, செவ்வாய்

தொண்டை ஆபரேஷன் முடிந்து இரண்டு மாதம். ஐந்து சனிக்கிழமையாக மறுபடி டிவியில் பாடுகிறேன். அப்பா, அண்ணன், அக்கா, நான் - நேரலையில் அரை மணி நேரம். மருந்துக் கடைக்காரர் இன்று, "குரல் முன்னவிட நல்லாருக்கும்மா" என்றார். எனக்குத் தலைகால் புரியவில்லை.

மார்ச் 6

போன வார நிகழ்ச்சியை செல்போனில் பார்த்தேன். நான் தனியாகப் பாடும் உச்ச வரி. வாய் என்னுடையது. குரல் அக்காவுடையது. மூன்று முறை போட்டுப் பார்த்துவிட்டேன்.

மார்ச் 7

சவுண்ட் என்ஜினியரைப் போய்க் கேட்டேன். எங்கள் வீட்டில் அவருக்குக் காது மாமா என்று பெயர். ஹெட்போனைக் கழுத்துக்கு இறக்கினார். "அப்பா சொல்லலையாம்மா? ஆபரேஷனுக்கு அப்புறம் உன் மைக்க நான் வெளிய விடறதே இல்ல."

என் இயர்போனில் மட்டும் என் குரலை மெருகேற்றிக் கொடுத்திருக்கிறார்கள். நானும் கண்ணை மூடி, தலையை ஆட்டி, ஐந்து வாரம் ஊமைப்படம் நடித்திருக்கிறேன். வெட்கம் பிடுங்கித் தின்கிறது.

அக்கா இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். "உனக்குத் தெரியுமா?"

"தெரியாம எப்படிடி பாடுவேன்? ரெண்டு பேர் பாட்டப் பாடி என் தொண்டை கிழியுது. அத யாராவது கேட்டீங்களா?"

நான் கேட்கவில்லைதான்.

மார்ச் 8, சனி

அப்பாவிடம் இன்னும் பேசவில்லை. வாயைத் திறந்தால் அழுதுவிடுவேன்.

எங்களில் யாரும் ஒன்று, இரண்டு என்று எண்ணிப் பாட்டைத் தொடங்குவதில்லை. நடுவில் நிற்கும் நான் மூச்சை இழுப்பேன், தோள் ஏறும். அதைப் பார்த்து மற்ற மூவரும் எடுப்பார்கள். சின்ன வயதிலிருந்தே அப்படித்தான். என் குரலை மூடியவர்கள் இதை மறந்துவிட்டார்கள்.

இன்று நான் மூச்சை இழுக்கவில்லை.

இசை தன்பாட்டுக்கு ஓடியது. மூவரும் சிரித்த முகத்தோடு என் தோளையே பார்த்து நின்றார்கள். பத்து நொடி இருக்கும். கடைசியில் அப்பா மட்டும் தப்பான சுருதியில் எடுத்தார். வேண்டுமென்றே செய்தேனா? ஆமாம். வேண்டுமென்றேதான்.

மார்ச் 9

"மானத்த வாங்கிட்டியே" என்றார் அப்பா.

"நீங்க என் மைக்க மூடினது?"

"மூணு பேரா நின்னா, இன்னொண்ணு எங்கன்னு கேப்பாங்க. உன்ன வெளிய நிறுத்த எனக்கு மனசு வரல."

"பாடவும் விடலயே."

"சரி, பாடு. இப்பவே பாடு."

பாடினேன். உச்சத்தில் குரல் பிசிறியது. அதற்கு மேல் வெறும் காற்று. அண்ணன் தரையைப் பார்த்தான். அக்கா எழுந்து உள்ளே போய்விட்டாள். எனக்கும்தான் காது இருக்கிறதே - என்னத்தைச் சொல்லிச் சமாளிக்க?

மார்ச் 10

இன்று வீட்டில் ஒத்திகை நடக்கவில்லை.

மார்ச் 11

அப்பா தன் பாட்டு நோட்டை என் மடியில் போட்டார். "என் சரணத்த நீ எடுத்துக்க. கீழயே நிக்கிற வரி. உன் குரல் இப்ப இறங்கியிருக்கு, ஒத்துவரும்."

"அப்ப நீங்க?"

"கூடவே பாடிட்டுப் போறேன். கெழவன் குரல யாரு தேடப் போறா."

மார்ச் 15, சனி

என் குரல் வெளியே போனது. பிசிறில்லை. கனமாக, கொஞ்சம் கரகரப்பாக, ஆனால் என்னுடையது. இறங்கி வந்து அக்காவைக் கட்டிக்கொண்டேன்.

காது மாமா தனியாகக் கூப்பிட்டார். "அப்பா இன்னிக்கு அவர் மைக்க மூடச் சொல்லிட்டார். அவர் சேர்ந்தா உன் குரல் அமுங்கிடுமாம். உன்கிட்ட சொல்லக் கூடாதுன்னார். அவர் குரலுக்கு ஒண்ணும் குறைச்சலில்லம்மா. நீ ஒரு வார்த்தை சொல்லு, திறந்துடறேன்."

வரும் வழியில் அப்பா கேட்டார்: "நல்லா வந்துச்சா?" தலையாட்டினேன்.

ஏப்ரல் 5, சனி

நாலாவது வாரம். அப்பா இன்றும் சட்டை நனைய முழு மூச்சாகப் பாடினார். தொடங்கும் முன் காது மாமா சவுண்ட் அறைக் கண்ணாடிக்குப் பின்னாலிருந்து என் முகத்தைப் பார்த்தார். நான் இன்றும் ஒன்றும் சொல்லவில்லை.