பத்தடி வழிக்கு ஒரு கோர்ட் உத்தரவு

ஏப்ரல் 22, 2024, திங்கள்

ஐகோர்ட் உத்தரவைக் கையில் வைத்துக்கொண்டு இன்றைக்கும் தாலுகா ஆபீஸ் பெஞ்சைத் தேய்த்துவிட்டு வந்தேன். பன்னிரண்டு வாரத்துக்குள் எங்கள் கொல்லை நிலத்தை அளந்து எல்லைக்கல் நட வேண்டும் என்பது உத்தரவு. கெடு முடிந்து கிறிஸ்துமஸ் போய், ஈஸ்டரும் போய்விட்டது.

"எலெக்‌ஷன் வேலைம்மா, சர்வேயர் இல்ல" என்றார் கிளார்க்.

"போன வெள்ளியே ஓட்டு போட்டு முடிஞ்சிடுச்சிங்களே?"

"எண்ண வேணாமா?"

நாங்கள் கேட்பது கிழக்கு ஓரத்தில் பத்தடி. பக்கத்துக் கொல்லை வேங்கடேசன் அதையும் சேர்த்து வேலி போட்டுவிட்டார். டிராக்டர் உள்ளே நுழைய எங்களுக்கு அதுதான் வழி. வழி இல்லாமல் நிலம் தரிசாகக் கிடக்கிறது. என் வீட்டுக்காரர் திண்டிவனத்திலிருந்து தினமும் போய், சும்மா நின்று பார்த்துவிட்டு வருகிறார். வீட்டில் பேச்சே இல்லை. அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

ஜூன் 5

வக்கீல் ஆர்த்தி விழுப்புரத்துப் பெண், சென்னையில் பிராக்டிஸ். "இன்னும் கெஞ்சிக்கினு நிக்காதீங்க மேரிக்கா. கோர்ட் அவமதிப்பு கேஸ் போட்டுடறேன்" என்றாள். தாசில்தார் மேலேயா? இரண்டு தடவை கேட்டுக்கொண்டேன். சரி என்று சொல்லிவிட்டேன்.

ஜூலை 3

தாசில்தார் கோர்ட்டில் நேரில் ஆஜராக வேண்டுமாம். சாயந்தரமே அவரிடமிருந்து போன். "வணக்கம்மா. அளக்கறதுக்கு உங்களுக்கு எந்த நாள் தோதுப்படும்?" எனக்கு! அடியாத மாடு படியாது என்று சும்மாவா சொன்னார்கள்.

ஜூலை 9, செவ்வாய்

தாசில்தார், சர்வேயர், போலீஸ், விழுப்புரத்திலிருந்து வந்த அளவு மெஷின் — திருவிழாக் கூட்டம்தான்.

வேங்கடேசன் வேலியைப் பிடித்துக்கொண்டு கத்தினார். "எங்க அப்பா காலத்துலருந்து வேப்பமரந்தான் எல்லை!" மரத்தடியில் எல்லைக்கல் ஏது? மஞ்சள் பூசி, சிவப்புத் துணி சுற்றிய அவர்கள் வீட்டு அம்மன்தான் இருக்கிறாள். மெஷினோ மரத்துக்குப் பத்தடி கிழக்கே எல்லை காட்டியது.

அப்போது அவர் மனைவி அஞ்சம்மாள் மெஷின் சொன்ன இடத்தைக் கைகாட்டி மெதுவாகச் சொன்னாள்: "அம்மன் மொதல்ல அங்கதான் இருந்தா."

வரப்பில் நட்டிருந்த கல்லுக்கு மஞ்சள் வைத்துக் கும்பிட்டு வந்தார்களாம். "வெயில்ல காயுறாளேன்னு மாமியாதான் மரத்தடிக்குக் கொண்டாந்து வெச்சாங்க. நானும் ஒரு கை புடிச்சேன்."

சர்வேயர் கல்லைத் தொடத் தயங்கினார். அஞ்சம்மாளே கும்பிட்டுவிட்டுத் துணியை அவிழ்த்து, தண்ணீர் ஊற்றித் தேய்த்தாள். மஞ்சள் கரைந்ததும் உளியால் வெட்டிய அம்புக்குறி தெரிந்தது. சர்வே கல்லேதான்.

வேங்கடேசன் வேலியிலிருந்து கையை எடுத்துவிட்டார். மெஷின் காட்டிய இடத்தில் புதுக்கல் நட்டார்கள்.

புருஷன் பக்கத்தில் நிற்கும்போதே சொன்னாளே! அவள் வாயைத் திறக்காமல் இருந்திருந்தால் எந்தக் கல்லை நட்டு என்ன, சண்டை பேரப்பிள்ளை வரைக்கும் போயிருக்கும். மாதாவே, அவள் நன்றாக இருக்கட்டும்.

ஜூலை 10

நேற்று என் வீட்டுக்காரர் மறுசோறு கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.

ஜூலை 22, திங்கள்

சென்னை. தாசில்தார் அளந்து முடித்ததாக அறிக்கை கொடுத்து, தாமதத்துக்கு மன்னிப்பும் கேட்டார். "முடிச்சிக்கலாமாக்கா, இல்ல புடிச்ச புடியா நிக்கலாமா?" என்றாள் ஆர்த்தி. முடித்துவிடச் சொன்னேன். வேலை நடந்துவிட்டது, அவர் தலையைக் குனிய வைத்து எனக்கு என்ன ஆகப்போகிறது? இந்தப் பெண் ஒரு நாள்கூட என் போனை எடுக்காமல் இருந்ததில்லை. பெற்ற மகள்கூட இவ்வளவு பொறுமையாகப் பதில் சொல்வாளா, தெரியாது.

ஆகஸ்ட் 2, ஆடி வெள்ளி

டிராக்டர் இறங்கி உழுது, மல்லாட்டை விதைத்தாயிற்று. ஆடு மாடு நுழையாமல் இருக்க, புது எல்லையில் காலையில்தான் கம்பம் நட்டுக் கம்பி இழுத்தோம்.

சாயந்தரம் கம்பிக்கு அந்தப் பக்கம் அஞ்சம்மாள். கையில் கற்பூரத் தட்டு. மரமும் அம்மனும் இப்போது எங்கள் பக்கம். கம்பி இழுக்கும்போது எனக்கு அது உறைக்கவே இல்லை.

"மேரிக்கா, ஒரு நிமிசம் உள்ள வந்துட்டுப் போவட்டுமா?"

என் வீட்டுக்காரர் எழுந்து போய்க் கடப்பாரையை எடுத்து வந்தார். காலையில் நட்ட கம்பங்களில் ஒன்றைப் பிடுங்கிக் கம்பியோடு சாய்த்துப் போட்டுவிட்டு, "வாம்மா" என்றார்.