பூட்டி வைத்த வீட்டுக்கு வட்டி

யூன் 9, திங்கள்

சோளகக் காற்று பலம். நயினாதீவிலிருந்து முதல் படகே பிந்தி. சேலைக் கரை முழுக்க உப்புத் தண்ணீர். குறிகட்டுவானில் இறங்கி ஓடியும் பஸ் போய்விட்டது. வேலணைக் கந்தோரில் மேலதிகாரியின் முகத்தைப் பார்க்க வேண்டியிருந்தது.

வாங்க: சவர்க்காரம், இவருக்கு இருமல் மருந்து, தேங்காய் எண்ணெய். மறக்கக் கூடாது.

மத்தியானம் மாப்பிள்ளையின் தகப்பன் போன் எடுத்தார். வேலணைக்காரர். நல்ல மனிதர், குரலும் நல்ல குரல்.

"தங்கச்சி, சாதகம் பொருந்தியிருக்கு. பெடியனுக்கும் மதுராவைப் பிடிச்சிருக்கு. வீட்டை மட்டும் வில்லங்கம் இல்லாமல் பிள்ளையின்ர பேரில எழுதிப்போட்டீங்களெண்டால் ஆவணியில கலியாணத்தை வைக்கலாம்."

வீடு வங்கியில் ஈடு. அதைச் சொல்லாமல் விடவில்லை. ஆனால் சொன்ன விதம்! "ஓம் அண்ணை, சின்ன ஈடொண்டு கிடக்கு. பாதிக்கு மேல கட்டியாச்சு. மிச்சத்தையும் குடுத்து மீட்டுத் தாறம்." பதினாறு வருடக் கடன், எட்டு வருடம் சம்பளத்தில் வெட்டியாகிவிட்டது. பாதிதானே? மிச்சத்துக்குத் தாலிக்கொடி இருக்கிறது. கனடாவில் தம்பி இருக்கிறான்.

மகள் மதுராவுக்குப் போனில் சொன்னேன். ஆஸ்பத்திரியில் வேலையாக நின்றாள். "ம்" என்றாள். இருபத்தைந்து வயதுப் பெண்ணுக்குக் கலியாணக் கதை சொன்னால் இதுதான் பதில். சந்தோசமா, இல்லையா, அந்த அம்மனுக்குத்தான் தெரியும்.

யூன் 10, செவ்வாய்

போயா, பௌர்ணமி லீவு. விகாரைக்கு வந்த சனத்தால் இறங்குதுறை நிறைந்து வழிந்தது. இவருக்கு ஓட்டோவில் நல்ல ஓட்டம்.

புது வீட்டைத் திறந்து கூட்டினேன். புது வீடு என்று சொல்லி எட்டு வருடம். மதுராவின் சீதனம். கலியாணத்துக்கு முதல் நாங்கள் குடிபுகுந்தால் பழைய வீடாகிவிடும் என்று பூட்டி வைத்துவிட்டு, பின்னால் அஸ்பெஸ்டஸ் கூரைக்குக் கீழே இரண்டு அறையில் வெந்துகொண்டிருக்கிறோம். ஊரில் எல்லாரும் செய்கிறதுதான்.

உப்புக் காற்றுக்குப் பூட்டு தெரியாது. யன்னல் கம்பி எல்லாம் துரு. குளியலறைச் சுவரில் காரை பொரிந்து விழுகிறது. ஒருவரும் ஒரு நாளும் குளிக்காத குளியலறை. இந்த வீட்டின் ஒவ்வொரு சீமெந்து மூட்டையும் படகேறி வந்தது. மண்ணும் படகேறி வந்தது. மூட்டைக்குக் கூலி, படகுக்குக் கூலி, இறக்கக் கூலி. யாழ்ப்பாணத்தில் ஒரு வீடு கட்டுகிற காசுக்கு இங்கே முக்கால் வீடுதான் வரும்.

இவர் வாசலில் நின்று, "வீட்டைக் கட்டிப் பார், கலியாணத்தைச் செய்து பார் எண்டு சும்மாவே சொன்னவை" என்று தொடங்கினார்.

"ஒண்டைக் கட்டிப் பாத்தாச்சு. மற்றதையும் பாப்பம். அந்தத் தும்புத்தடியை எடுத்துத் தாங்கோ" என்றேன்.

பின்னேரம் நல்ல மனம். ஆவணியில் யாரைக் கூப்பிடுவது, யாரை விடுவது என்று யோசித்துக்கொண்டே பனை ஒடியல் மா இடித்தேன்.

யூன் 11, புதன்

அரைநாள் லீவு போட்டு யாழ்ப்பாணம். வங்கி.

எழுதக் கை வரவில்லை.

கடன் பகுதியில் ஒரு பெடியன். மரியாதையானவன். கொம்பியூட்டரைப் பார்த்துவிட்டுச் சொன்னான்: "அன்ரி, இண்டைக்கே கட்டி மீட்கிறதெண்டால் பத்தொன்பது லட்சத்துச் சொச்சம் வரும்."

"தம்பி, நான் எடுத்ததே இருபது."

"ஓம் அன்ரி."

நான் விளங்கிக்கொண்டேன் என்று நினைத்து அடுத்த ஆளைப் பார்த்தான். நான் எழும்பவில்லை. வேறு ஆளின் கணக்கைப் பார்க்கிறாய் தம்பி, என் பெயரைத் திரும்ப அடி என்றேன். அடித்தான். அதே பத்தொன்பது.

எட்டு வருடத்தில் நான் கட்டியதும் கிட்டத்தட்ட அதே அளவு. அப்ப அது எங்கே போனது?

பொறுமையாகத்தான் சொன்னான். மாதக் காசில் முதலில் வட்டியை எடுப்பார்களாம். மிஞ்சுகிற சில்லறைதான் வாங்கிய முதலில் கழியுமாம். தொடக்க வருடங்களில் கட்டுகிறது முழுக்க வட்டிதானாம். பெற்றோல் இல்லாமல் நாடே வரிசையில் நின்ற காலத்தில் வட்டி வீதம் ஏறியதாம், கடிதம் போட்டார்களாம். கடிதம் வந்தது. இங்கிலீசில். அலுமாரியில் வைத்தேன்.

"மற்றது, நீங்கள் மூண்டு தரம் சலுகைக் காலம் எடுத்திருக்கிறீங்கள்."

"ஓம், நீங்கள்தானே தந்தது. கட்டத் தேவையில்லை எண்டு."

"அந்த நேரம் கட்டத் தேவையில்லை அன்ரி. ஆனால் வட்டி நிக்காது. அது முதலோட போய்ச் சேரும். பேந்து அந்த வட்டிக்கும் வட்டி."

வெளியே வெயில். கஸ்தூரியார் வீதியில் நகைக் கடைக் கண்ணாடியில் என் முகம். யாரோ ஒரு கிழவி என்று நினைத்தேன். இருமல் மருந்தும் வாங்கவில்லை.

யூன் 12, வியாழன்

காற்று இறங்கவில்லை. கந்தோரில் இரண்டு கடிதத்தை மாற்றி அனுப்பிவிட்டேன்.

என்னைச் செருப்பால் அடிக்க வேண்டும். ஏன் அப்படி நினைத்தேன் என்று இன்று முழுக்க யோசித்தேன். அப்பாவின் ஒற்றிதான். அக்காவின் கலியாணத்துக்கு அப்பா பனங்காணியை ஒற்றி வைத்தார். காசு தந்தவர் காணியை ஆண்டார், நொங்கும் ஓலையும் அவருக்கு, வட்டி என்று ஒரு சதம் இல்லை. கன வருடம் கழித்து அப்பா வாங்கிய அதே காசைக் கொண்டுபோய்க் கொடுத்தார். காணி திரும்பி வந்தது. கடன் அவ்வளவு காலமும் நித்திரை.

வங்கிக் கடனும் நித்திரை கொள்ளும் என்று நினைத்தேன். கொரோனாவில் சலுகை என்றார்கள், ஓடிப் போய் எழுதிக் கொடுத்தேன். திரும்பவும் என்றார்கள், திரும்பவும் போனேன். அந்தக் காசில்தான் விறாந்தைக்கு மாபிள் போட்டது. பக்கத்து வீட்டுக்காரி வந்து பார்த்து வாயைப் பிளந்தாள், எனக்குப் பெருமை பிடிபடவில்லை. இப்ப அந்த மாபிள் ஒவ்வொன்றும் வட்டிக்கு வட்டியாக வளர்ந்துகொண்டிருக்கிறது.

ஈட்டுக்கும் ஒற்றிக்கும் வித்தியாசம் தெரியாத பெட்டையா நான்? காணி எழுத்து, உறுதி, தோம்பு என்று ஊர்க்கதை கேட்டே வளர்ந்தவள். கந்தோரில் மற்றவர்களுக்குப் புத்தி சொல்கிறவள்.

கூட்டிப் பார்த்தேன். ஓய்வூதியத்துக்கு முதல், இன்னும் எட்டு வருடத்தில் முடிப்பதென்றால், எடுத்ததைப் போல இரண்டரை மடங்கு கட்டியிருப்பேன். அதற்கும் மாதக் காசைக் கூட்ட வேண்டும். சம்பளம் இடம் கொடாது.

மாப்பிள்ளையின் தகப்பனுக்குப் பாதி முடிந்தது என்று சொல்லியிருக்கிறேன்.

யூன் 13, வெள்ளி

விரதம். பச்சைத் தண்ணீரும் இறங்கவில்லை.

தம்பிக்கு வாட்ஸப்பில் வெட்கத்தை விட்டுக் கேட்டேன். குரல் பதிவு வந்தது. பின்னால் கார் ஓடுகிற சத்தம்.

"அக்கா, குறை நினையாதேங்கோ. இஞ்சையும் வீட்டுக் கடன் மோட்கேஜ் புதுப்பிச்சது, வட்டி ஏறிப்போச்சு. நானும் இவளும் ரெண்டு வேலை செய்யிறம். வீட்டில நித்திரை கொள்ள மட்டும்தான் வாறம். ஒரு ஆயிரம் டொலர் எண்டால் பாக்கலாம்."

மூன்று தரம் கேட்டேன். அவன் அங்கே தன் வீட்டைப் பற்றிச் சொல்கிறான், எனக்கு என் வீட்டைப் பற்றிச் சொல்கிற மாதிரி. பாவம். திட்டவும் மனம் வரவில்லை.

தாலிக்கொடி, காப்பு, மதுராவுக்கென்று வைத்த சங்கிலி எல்லாம் சேர்த்தாலும் யானைப் பசிக்குச் சோளப்பொரி.

விற்றால்? இவர் நாலு பேரிடம் விசாரித்துக்கொண்டு வந்தார். முகமே பதில். "தீவில வீடு வாங்க ஆர் வாறது எண்டு கேக்கிறாங்கள். சும்மா தந்தாலும் கூட்டித் துடைக்க ஆளில்லையாம்."

பொய்யில்லை. எங்கள் ஒழுங்கையிலேயே பூட்டிய வீடு எத்தனை! சுவிஸ்காரர் வீடு, லண்டன்காரர் வீடு. கடன் எடுக்கும்போது வங்கியிலிருந்து மதிப்புப் போட வந்தவர் படகில் சத்தி எடுத்து, வாயைத் துடைத்துக்கொண்டே சொன்னார்: "இது தீவம்மா. செலவழிச்ச காசு வேற, பெறுமதி வேற." அப்போது அவரை மனதுக்குள் திட்டினேன். மோர் வேறு கரைத்துக் கொடுத்தேன்.

குசினியில் இருந்து அழுதேன். இவர் வந்து, "இஞ்சேரும், நீர் ஏன் தலையைப் போட்டு உடைக்கிறீர், ஏதோ ஒரு வழி வரும்" என்றார். வழி வருமாம். படகிலா, பஸ்ஸிலா?

யூன் 15, ஞாயிறு

சனிக்கிழமை எழுதவில்லை. எழுத ஒன்றுமில்லை, பயம் மட்டும்.

இன்று காலை நானே வேலணைக்குப் போனேன். பொய்யில் தாலி ஏறக் கூடாது. மாப்பிள்ளையின் தகப்பனுக்கு முன்னால் கதிரை நுனியில் இருந்து எல்லாம் சொன்னேன். அந்தப் பத்தொன்பதையும் சொன்னேன். எழும்பி வெளியே போ என்பார் என்று காத்திருந்தேன்.

தேத்தண்ணி தந்தார். சீனி போதுமா என்று கேட்டார்.

"ஒண்டும் யோசியாதேங்கோ தங்கச்சி. இதெல்லாம் ஆருக்குத்தான் இல்லை. மகளையும் கடனில இணைச்சு விடுங்கோ. சின்ன வயசு, அரசாங்கச் சம்பளம், பாங்கு நீட்டித் தரும். மாதக் காசும் குறையும். ஈடு கிடக்கிறபடி கிடக்கட்டும், வீடு பிள்ளைக்குத்தானே."

பாரம் எல்லாம் இறங்கிவிட்டது. கும்பிட்டுவிட்டு வந்தேன். பஸ்ஸில் யன்னல் ஓரம், காற்று, எத்தனையோ நாளைக்குப் பிறகு பசித்தது. புங்குடுதீவுச் சந்தியில் வடை வாங்கிச் சாப்பிட்டேன்.

குறிகட்டுவானில் படகுக்கு நிற்கும்போதுதான் உறைத்தது. என் பிள்ளை தன் சீதனத்தைத் தானே கட்டப்போகிறாள். நான் வடை சாப்பிட்டிருக்கிறேன்.

இவர்: "பாத்தீரே? வழி வருமெண்டு சொன்னனான்."

சோற்றுக் கோப்பையைப் படாரென்று வைத்தேன்.

யூன் 16, திங்கள்

மதுராவுக்கு மத்தியானம் போன் எடுத்தேன். சுற்றி வளைக்காமல் சொன்னேன்.

"எவ்வளவு காலத்துக்கு அம்மா?"

"இருபத்தைஞ்சு வருசம்."

அந்தப் பக்கம் வார்ட்டில் யாரோ மிஸ், மிஸ் என்று கூப்பிட்டார்கள். "வாறன், பொறுங்கோ" என்றாள். பிறகு என்னிடம், "அம்மா, நான் நயினாதீவில வந்து இருக்கப்போறேல்ல எண்டு உங்களுக்குத் தெரியும்தானே. அவரும் யாழ்ப்பாணத்தில வேலை."

"தெரியும் பிள்ளை."

"அப்ப ஏன் கட்டினனீங்கள்?"

நீ பெண்ணாய்ப் பிறந்ததால் என்று சொல்லலாமா? வீடில்லாத பெட்டையை ஒருவரும் பார்க்க வரமாட்டார்கள் என்று பயந்தேன் என்று சொல்லலாமா? அவளைக் கேட்காமல்தானே அத்திவாரம் வெட்டினோம். அவளுக்கு அப்போது பதினேழு வயது. சோதனைக்குப் படித்துக்கொண்டிருந்தாள்.

"சரி அம்மா. வியாழக்கிழமை பகல் எனக்கு ஓவ், வேலையில்லை. பாங்குக்கு வாறன்."

ஏசியிருக்கலாம். கத்தியிருக்கலாம். சரி என்கிறாள். அந்தச் "சரி" காதுக்குள்ளேயே நிற்கிறது.

யூன் 18, புதன்

நாளைக்கு: அவளுடைய அடையாள அட்டைப் பிரதி, சம்பளச் சிட்டை, என்னுடையதும். கிராம சேவகர் கடிதம் வாங்கியாகிவிட்டது. முட்டை மாவும் பருத்தித்துறை வடையும் அவளுக்கு.

இரண்டு நாளாக நித்திரை இல்லை. கையெழுத்து வைக்க விடக் கூடாது. அவள் வைத்தால் வயது ஐம்பதில்தான் கை எடுப்பாள். எல்லாம் கூட்டினால், எடுத்த காசைப் போல நாலு மடங்கு போகும். நாலு வீட்டுக் காசு, ஒரு வீடு, அதிலும் துரு. சம்பந்தம் போனால் போகட்டும். ஊர் சிரித்தால் சிரிக்கட்டும். வங்கி வாசலில் வைத்தே சொல்லப்போகிறேன்: வேண்டாம் பிள்ளை, திரும்பிப் போ.

யூன் 19, வியாழன்

கடல் கொஞ்சம் அடங்கி. படகில் முழுக்க அதையே சொல்லிப் பார்த்துக்கொண்டு போனேன். வேண்டாம் பிள்ளை. வேண்டாம் பிள்ளை.

மதுரா எனக்கு முதலே வந்து வங்கி வாசலில் நின்றாள். இரவு வேலை முடிந்து நேரே வந்தவள், கண் இரண்டும் சிவந்து. "சாப்பிட்டீங்களோ?" என்று கேட்டாள். நான் "ஓம்" என்றேன். மற்றதை உள்ளே போய்ச் சொல்லலாம் என்று நினைத்தேன்.

அதே பெடியன். எல்லாம் அடித்து வைத்திருந்தான். பென்சிலால் புள்ளடி போட்ட இடத்தில் எல்லாம் கையெழுத்து வைக்கச் சொன்னான். நடுவில் ஒரு கேள்வி, காப்புறுதிக்காம்.

"வீட்டில இப்ப ஆர் இருக்கினம்?"

நான் மதுராவைப் பார்த்தேன். அவள் என்னைப் பார்க்கவில்லை.

"ஒருத்தரும் இல்லை" என்றாள்.

அவன் அதை எழுதினான். அவள் பேனாவை எடுத்தாள். அப்போதாவது சொல்லியிருக்கலாம். ஆவணி, மாப்பிள்ளையின் தகப்பன் தந்த தேத்தண்ணி, பக்கத்து வீட்டுக்காரியின் வாய் எல்லாம் கண்ணுக்குள் வந்தன. அவள் வைத்துக்கொண்டே போனாள், தாள் தாளாக, மருந்துச் சிட்டையில் வைக்கிற மாதிரி, விறுவிறு என்று.

"கடைசித் தவணை முடியேக்க தங்கச்சிக்கு ஐம்பது வயசு" என்றான் பெடியன், சும்மா ஒரு கதைக்கு.

"அதுக்கு முதல் கட்டி முடிச்சுப்போடுவம் தம்பி" என்றேன்.

எட்டு வருடத்துக்கு முன்னும் இந்த மேசைக்கு முன்னால் இருந்து இதைத்தான் சொன்னேன். அப்போது இருந்த பெண் சிரித்தாள். இவன் தாள்களை அடுக்கி ஊசி குத்திக்கொண்டிருந்தான்.