பிறந்த இடம்: டிரான்ஸ்கை

ஆகஸ்ட் 18, திங்கள்

டிரான்ஸ்கை என்பது என்ன? ஊரா, மாகாணமா, நாடா? இன்று மூன்று தடவை என்னையே கேட்டுப் பார்த்தேன். பதில் தெரியவில்லை. புவியியல் பட்டதாரி நான்.

காலை ஏழு மணிக்கே ஜன்னல் கண்ணாடியில் நீர் வழிகிறது. ஷார்ஜா ரோலாவில் பஸ் ஏறும்போதே கழுத்து நனைந்துவிட்டது. பள்ளிக்கூடத்தில் ஆசிரியர்கள் மட்டும். பிள்ளைகள் வர இன்னும் ஒரு கிழமை.

அலுவலகத்தில் என் வேலை: புதிய ஆசிரியர்கள் ஒன்பது பேரின் விசா பைல். எட்டு முடிந்தது. ஒன்பதாவது நொம்சா. தென்னாப்பிரிக்கர், நாற்பத்தொரு வயது, மூன்றாம் வகுப்பு ஆங்கிலம். ஆறு வயது மகள் அங்கே தங்கையோடு. தாயின் விசா முடிந்தால்தான் மகளுக்குப் போடலாம். தாயின் என்ட்ரி பெர்மிட் 28ஆம் திகதி வரை மட்டும்.

பாஸ்போர்ட்டில் நாடு மட்டும் இருக்கிறது. பிறப்புச் சான்றிதழில்: உம்டாட்டா, டிரான்ஸ்கை. கூப்பிட்டுக் கேட்டேன். அவர் சொன்னது, மறக்காமல் இருக்க:

கை என்பது ஓர் ஆறு. டிரான்ஸ் என்றால் அப்பால். ஆற்றுக்கு மற்றப் பக்கம் நின்ற வெள்ளைக்காரர் வைத்த பெயர். அங்கேயே இருந்தவர்களுக்கு அது அப்பால் இல்லை.

பிறகு கொஞ்சக் காலம் அது 'நாடு'. கொடி, முத்திரை, பாஸ்போர்ட் எல்லாம். அதை நாடு என்று ஏற்றது அதைப் பிரித்துவிட்ட தென்னாப்பிரிக்க அரசாங்கம் மட்டும்.

தொண்ணூற்று நாலோடு அதுவும் இல்லை. இப்போது வரைபடத்தில் ஈஸ்டர்ன் கேப்.

ஆனால் சொல் போகவில்லை. அவர் தாயார் இன்னும் டிரான்ஸ்கை என்றுதான் சொல்கிறாராம். சுற்றுலாக்காரருக்கு வைல்ட் கோஸ்ட். ஜோகன்னஸ்பர்க்கில் இருக்கும் அண்ணன் கூட்டாளிகளிடம் டிரான்ஸ்கை என்பார், வேலைக்கு எழுதும்போது ஈஸ்டர்ன் கேப் என்பார். சிலருக்கு அந்தச் சொல்லைக் கேட்டாலே கோபம், பழைய ஆட்சி போட்ட வேலி அது என்று. சிலருக்கு அது வீடு.

"உங்களுக்கு?" என்று கேட்டேன்.

தோளைக் குலுக்கினார். "நான் பிறந்த இடம். அதில் எழுதியிருக்கிறதே."

அவர் போன பிறகு விசா விண்ணப்பங்களை அடித்துத் தரும் டைப்பிங் சென்டருக்குக் கொடுக்கும் தாளை என் கையால் நிரப்பினேன். பிறந்த இடம் என்ற வரியில் கேப் டவுன் என்று எழுதினேன். கேப் டவுன் எல்லாருக்கும் தெரியும். யாரும் இரண்டாம் தடவை பார்க்க மாட்டார்கள். நொம்சாவிடம் கேட்கவில்லை.


ஆகஸ்ட் 19, செவ்வாய்

பருப்பு, சவர்க்காரம், மகள் ஆரணிக்குக் கணக்குக் கொப்பி. தோஹாவில் வேலை செய்யும் என் கணவருக்கு மருந்து அனுப்ப ஆள் தேட வேண்டும்.

பைல் காலையிலேயே போய்விட்டது. அப்போதுதான் ஞாபகம் வந்தது, எங்கள் பள்ளிக்கூடத்தில் ஒவ்வொரு பைலிலும் பிறப்புச் சான்றிதழ் பிரதியும் வைப்பது வழக்கம். நானே கொண்டுவந்த வழக்கம். நேற்று நானே உள்ளே வைத்தேன். கேப் டவுன் என்ற தாளுக்குப் பின்னால் டிரான்ஸ்கை.

ஏன் செய்தேன். எழுதிப் பார்க்கிறேன்.

யுத்த காலம், வவுனியாவில் சோதனைச் சாவடி. வரிசை. என் அடையாள அட்டையை வாங்குபவன் முதலில் படத்தைப் பார்ப்பான், பிறகு பெயர். பிறகு விரல் கீழே இறங்கும். பிறந்த இடம்: முல்லைத்தீவு. அந்த வரியில் விரல் நிற்கும். விரல் நின்றால் நான் வரிசையை விட்டுத் தள்ளி நிற்க வேண்டும். ஒரு தடவை இருபது நிமிடம். ஒரு தடவை மாலை வரை.

விரல் நிற்கிற சொல் எது என்று எனக்குப் பார்த்தவுடன் தெரியும். எந்த மொழியில் இருந்தாலும்.

இந்தப் பள்ளிக்கூடத்தில் சேர்ந்து எட்டு வருடம். முதல் நாள் விசா வேலை பார்க்கும் காதர் பாய் எந்த ஊர் என்று கேட்டார். யாழ்ப்பாணம் என்றேன். அன்றிலிருந்து யாழ்ப்பாணத்தக்கா. திருத்தவில்லை.


ஆகஸ்ட் 20, புதன்

11.20. காதர் பாயின் போன். எங்கள் பி.ஆர்.ஓ. அவர், கீழக்கரைக்காரர், பள்ளிக்கூடத்தின் அத்தனை விசாவும் அவர் கையால்தான். போனை எடுக்கும் முன்பே எனக்குத் தெரியும்.

"யாழ்ப்பாணத்தக்கா, பைலு திரும்பிருச்சு. அந்த ஆப்பிரிக்கா டீச்சரு. ஒரு தாள்ல கேப் டவுனுங்குது, இன்னொரு தாள்ல வாய்க்குள்ள நுழையாத ஏதோ ஒரு பேரு. விசா கவுன்டர்ல அந்தப் பொண்ணு என்னையே பாக்குது. நானா போயி அங்க பொறந்தேன்?"

எழுத்தில் விளக்கம் வேண்டுமாம். சரியான படிவத்தோடு திரும்பப் போக வேண்டும்.

சிரிக்கப் பார்த்தேன்.

பிறகு அவராகவே சொன்னார். "எல்லாம் டைப்பிங் சென்டரு சலீம் பாய் வேலை. வயசாச்சு, கண்ணு போச்சு. இனிமே அந்தக் கடைக்கு நம்ம பைலு ஒண்ணு கூடப் போகாது. மொதலாளிகிட்டயும் சொல்லிட்டேன்."

நான் ஒன்றும் சொல்லவில்லை.

ஒன்றும் சொல்லவில்லை என்று இங்கே எழுதி வைக்கிறேன். சலீம் பாய் ஹைதராபாத்காரர், அறுபதை நெருங்குகிறார். அந்தச் சின்னக் கடைக்கு எங்கள் பள்ளிக்கூட வேலைதான் முக்கியம். நான் எழுதியதை எழுத்துப் பிசகாமல் அடித்திருக்கிறார். என் கையெழுத்துத் தாள் அவரிடம்தான் இருக்கும். அதை அவர் எடுத்துக் காட்டினால்?

மத்தியானம் சாப்பாட்டைத் திறக்காமல் திரும்பக் கொண்டுவந்தேன். ஆரணி கேட்டாள். வயிறு சரியில்லை என்றேன்.


ஆகஸ்ட் 21, வியாழன்

பிரின்சிபல் கூப்பிட்டார். யாருடைய பிழை என்று எழுதித் திங்கள் காலைக்குள் தர வேண்டும். 'தவறான தகவல்' என்ற சொல்லைப் பாவித்தார். குரலை உயர்த்தவில்லை. அதுதான் இன்னும் பயம்.

ஆரணியின் விசா என் விசாவில் இருக்கிறது. இந்த வருடம் பன்னிரண்டாம் வகுப்பு.

நொம்சா வந்தார். நான்தான் கூப்பிட வேண்டியிருந்தது. பைல் திரும்பிய விஷயம் சொன்னேன். ஒரு பிழை நடந்துவிட்டது என்றேன். யார் என்று சொல்லவில்லை. அவருக்குப் பயமே இல்லை. மகளின் படம் காட்டினார், முன்பல் இரண்டும் இல்லை. பிறகு தன் தகப்பனைப் பற்றிச் சொன்னார். அந்த 'நாட்டின்' பாஸ்போர்ட் அவரிடம் இருந்ததாம். வெளிநாட்டு விமான நிலையம் ஒன்றில் அதைக் கொடுத்தபோது, வாங்கிய பெண் ஆட்டோகிராப் புத்தகத்தைப் புரட்டுவது போல் புரட்டிவிட்டு, அழகாக இருக்கிறது, உண்மையான பாஸ்போர்ட் எங்கே என்று கேட்டாளாம். அடுத்த விமானத்திலேயே திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

சொல்லிவிட்டுச் சிரித்தார். "டிரான்ஸ்கை என்றால் எப்போதும் யாராவது தொலைப்பார்கள். பிறகு கண்டுபிடித்துவிடுவார்கள்."

28க்கு இன்னும் ஏழு நாள். அதில் மூன்று நாள் விடுமுறை.


ஆகஸ்ட் 22, வெள்ளி

லீவு. துணி துவைத்தேன், காயவில்லை. கீழே கடையில் முருங்கைக்காய் வந்திருக்கிறது, வாங்கவில்லை.

தோஹாவிலிருந்து இவர். எல்லாவற்றையும் சொன்னேன். முழுக்கக் கேட்டார். பிறகு, "நீர் ஒண்டும் எழுதிக் குடுக்காதையும். அந்தாள் அடிச்ச பிழை எண்டு அவையளே முடிவெடுத்திட்டினம். நீர் ஏன் போய்த் தலையைக் குடுக்கிறீர்?"

"அந்தாள் பிழை விடேல்லையே."

"எனக்குத் தெரியும். பிள்ளையின்ர படிப்பை யோசியும்."

அவர் கெட்டவர் அல்ல. அவரும் அதே வரிசையில் நின்றவர்.

ஆரணி கதவருகில் நின்று கேட்டிருக்கிறாள். "அம்மா, நொம்சா டீச்சர்ட்ட சொல்லுங்கோ. இட்ஸ் ஹெர் நேம் ஃபார் ஹெர் ஓன் ப்ளேஸ்." என் மகள் பிறந்த இடம் ஷார்ஜா. எந்த விரலும் அதில் நின்றதில்லை. கோபம் வந்தது. அடுப்பைத் துடைத்தேன்.


ஆகஸ்ட் 24, ஞாயிறு

நேற்று ஒன்றும் எழுதவில்லை. எழுத என்ன இருக்கிறது.

காலையில் பனி. எதிர்க் கட்டடம் தெரியவில்லை.

இரண்டு கடிதம் எழுதி வைத்திருக்கிறேன். ஒன்றில், தட்டச்சில் ஏற்பட்ட பிழை. மூன்று வரி. மற்றதில், பிழை என்னுடையது. அதுவும் மூன்று வரி. காரணம் எழுதவில்லை. என்ன காரணம் எழுதுவது? வவுனியா என்றா?

நடக்கக்கூடியவை: வேலை போகும். வேலை போனால் விசா போகும், ஆரணியுடையதும். அல்லது எச்சரிக்கை. அல்லது சலீம் பாய் என் தாளை எடுத்து நீட்டுவார், அப்போது பொய்யும் சேரும். அல்லது 28 தாண்டிவிடும், நொம்சா திரும்பிப் போவார், நான் இங்கேயே இருப்பேன். கடைசியைத்தான் கூடுதலாக யோசிக்கிறேன். முன்பல் இல்லாத அந்தப் படம்.

காதர் பாய் மெசேஜ்: நாளை எட்டரைக்கு வண்டி, டீச்சரையும் கூட்டிக்கொண்டு டைப்பிங் சென்டர், அங்கிருந்து நேராகக் கவுன்டர். சலீம் பாயிடம் போவது இதுதான் கடைசித் தடவையாம், அடித்தவனே திருத்தித் தரட்டும் என்று.

கைப்பையில் இரண்டு கடிதமும்.


ஆகஸ்ட் 25, திங்கள்

நடந்ததை நடந்தபடி.

பிள்ளைகள் வந்த முதல் நாள். வாசலில் அழுகை, பஸ் ஹோர்ன். நாங்கள் மூவரும் எட்டே முக்காலுக்குக் கிளம்பினோம். நொம்சா பின் சீட்டில், பச்சைச் சட்டை. நாங்கள் திரும்பி வந்தவுடன் கடிதம் வேண்டும் என்றார் பிரின்சிபல்.

டைப்பிங் சென்டர் வாசலில் காதர் பாய் வண்டி நிறுத்த இடம் தேடிப் போனார். நானும் நொம்சாவும் உள்ளே. சலீம் பாய் சலாம் சொன்னார், உட்காரச் சொன்னார். மேசை லாச்சியைத் திறந்து நாலாக மடித்த ஒரு தாளை எடுத்து என் கையில் வைத்தார். என் கையெழுத்து. கேப் டவுன்.

"ரக் லீஜியே, மேடம். ஆப்கி பி நௌக்ரி ஹை."

வைத்துக்கொள்ளுங்கள், உங்களுக்கும் வேலை இருக்கிறதே. அவ்வளவுதான் சொன்னார். காதர் பாய் போட்ட சத்தத்தை வாங்கிக்கொண்டு ஐந்து நாளாக இதை லாச்சிக்குள் வைத்திருந்திருக்கிறார்.

புதிய படிவம் அடித்தார். உம்டாட்டா, டிரான்ஸ்கை, தென்னாப்பிரிக்கா. நொம்சா வாங்கி விரல் வைத்து வாசித்தார். அந்த வரிக்கு வந்ததும் விரல் நின்றது. அவர் தலையை ஆட்டிவிட்டுக் கையெழுத்துப் போட்டார்.

வண்டி ஓடத் தொடங்கியது. மடித்த தாள் என் உள்ளங்கையில். இனி யாரும் எதையும் காட்ட முடியாது. முதல் கடிதத்தைக் கொடுத்தால் முடிந்தது. இரண்டாவது சிக்னல் வரை அதைத்தான் யோசித்தேன்.

"காதர் பாய், சலீம் பாய் பிழை விடேல்ல. கேப் டவுன் எண்டு எழுதினது நான். தெரிஞ்சுதான் எழுதினனான்."

தாளை விரித்துக் காட்டினேன். சிக்னல் பச்சையானது. பின்னால் ஹோர்ன் அடித்த பிறகுதான் வண்டியை எடுத்தார். ஏன் என்று கேட்டார். அந்தப் பெயரைப் பார்த்தால் நிறுத்தி வைப்பார்கள் என்று நினைத்தேன், ஊர்ப் பெயரால் நின்றவள் நான் என்றேன். நான் யாழ்ப்பாணம் இல்லை என்றும் சொன்னேன்.

அவர் ரோட்டைப் பார்த்தபடி சொன்னார். "முல்லைத்தீவு. உங்க பாஸ்போர்ட்ட எட்டு வருஷமா நாந்தானக்கா தூக்கிட்டு அலையிறேன். நீங்க யாழ்ப்பாணம்னீங்க, நானும் யாழ்ப்பாணம்னேன். ஒரு கவுன்டர்லயும் ஒருத்தனும் கேட்டதில்ல."

கொஞ்சம் கழித்து, "சலீம் பாய்கிட்ட நான் பேசுன பேச்சு இருக்கே" என்றார். முடிக்கவில்லை.

பின் சீட்டிலிருந்து நொம்சா என்ன விஷயம் என்று ஆங்கிலத்தில் கேட்டார். எங்கள் பேச்சில் கேப் டவுன் என்ற பெயர் அவர் காதில் விழுந்திருக்கிறது. நான் திரும்பி உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன். கேப் டவுன், சோதனைச் சாவடி, முல்லைத்தீவு. அது எங்கே என்று கேட்டார். யாழ்ப்பாணத்துக்கு இந்தப் பக்கம் என்றேன். எந்தப் பக்கம் என்றார்.

அவர் இந்தத் தடவை சிரிக்கவில்லை. "என்னை ஒளித்து வைக்கும்படி நான் உங்களிடம் கேட்கவில்லை" என்றார். மிச்ச வழி முழுக்க ஜன்னலைப் பார்த்துக்கொண்டு வந்தார்.

கவுன்டரில் ஆறு நிமிடம். பிழை எங்கள் பக்கம் என்று காதர் பாய் சொன்னார், அந்தப் பெண் தலையாட்டினாள். டிரான்ஸ்கை என்றால் என்ன என்று கேட்கவில்லை. தொலைபேசி இலக்கம் சரியா என்று மட்டும் கேட்டாள்.

திரும்பியதும் இரண்டாவது கடிதத்தைக் கொடுத்தேன். மடித்த தாளையும் வைத்தேன். பிரின்சிபல் வாசித்தார். எச்சரிக்கை என் பைலில் போகும். இனி நான் நிரப்பும் ஒவ்வொரு தாளையும் இன்னொருவர் பார்ப்பார். வேலை இருக்கிறது.

மதியத்துக்குப் பிறகு காதர் பாய் சலீம் பாயிடம் போனதாகக் கேள்வி. ஒரு பெட்டி பேரீச்சம்பழத்தோடு.

5.10. நொம்சாவின் விசா அப்ரூவ் ஆகிவிட்டது. அவருக்கு மெசேஜ் அனுப்பினேன். அரை மணித்தியாலம் கழித்துப் பதில் வந்தது: "நன்றி. நாளை என் மகளின் படிவம். அதை நானே நிரப்புகிறேன்."

சரி என்று அனுப்பினேன்.