காப்பாரில் வாரத்துக்கு விட்ட செவலை

பிரிக்பீல்ட்ஸில் எட்டு வீதிக்குப் பால் ஊற்றிய என் தங்க மச்சானுக்கு, உங்கள் வீட்டுக்காரியின் தம்பி எழுதுவது.

நீங்கள் போய் நாலு மாதம் ஆகிறது. இங்கே நான் நலம், அக்கா நலம். மாடுகளில் கறுப்பி நலம், கொஞ்சம் கிழடு தட்டிவிட்டது. வெள்ளச்சி பால் மறந்துவிட்டது. அங்கே நீங்கள் நலமா என்று கேட்டு எழுதித்தான் கை பழகியிருக்கிறது. கேட்கலாமா கூடாதா என்று தெரியவில்லை.

உங்களைத் தூக்கிய அன்று பக்கத்து வீட்டிலிருந்து இட்டலி வந்தது. நான் ஆறு தின்றேன். சட்னி போதவில்லை என்று கேட்டு வாங்கித் தின்றேன். எல்லோரும் அழுதார்கள். எனக்கும் இப்போது வரும், அப்போது வரும் என்று பார்த்தேன். வரவில்லை. நான் வேலை பார்க்கிற ஸ்டேஷனில் மட்டும் உங்கள் பாடைக்குப் பின்னால் இரண்டாயிரம் பேர் நடந்ததாகச் சொல்லியிருக்கிறேன். தைப்பிங்கிலிருந்து வந்த மெயில் வண்டியை உங்களுக்காகக் கால் மணி நேரம் நிறுத்தி வைத்தார்கள் என்றும் சொன்னேன். நம்பாதவன் கிடையாது. முப்பது பேர் இருந்திருப்பார்கள்.

இந்தக் கடிதத்தைப் பத்திரிகையில் போடுவதாக ஆசிரியர் சொல்லியிருக்கிறார். ‘வாரம் என்றால் என்னவென்று விளக்கி எழுதுங்கள், டவுனில் பிறந்தவர்களுக்குத் தெரியாது’ என்றார். கேட்டது சரியான ஆளிடம்தான். நான் மூன்றாம் வகுப்பு வரை படித்தவன். அதற்கு மேல் சொல்லிக்கொடுக்க எங்கள் வாத்தியாரிடம் விஷயம் இல்லை.

வாரம் என்றால் பங்கு. நிலத்துக்கும் வாரம் உண்டு, அதை விடுங்கள். மாட்டு வாரம் என்பது, மாடு ஒருவருடையது, புல்லும் பாடும் இன்னொருவருடையது. மாட்டை உடையவன் ‘வாரத்துக்கு விட்டேன்’ என்பான். வளர்ப்பவன் ‘வாரம் பிடித்தேன்’ என்பான். வளர்க்கிற காலத்தில் பால் வளர்க்கிறவனுக்கு. கன்று ஈத்துக்கு ஈத்து மாறும். தலையீத்துக் கன்று வளர்த்தவனுக்கு, அடுத்த ஈத்துக் கன்று உடையவனுக்கு. சில ஊரில் இரண்டு பேருமாகக் கன்றை விற்றுப் பாதி எடுத்துக்கொள்வார்கள். நம் பக்கத்தில் ஈத்து மாற்றுவதுதான் வழக்கம். இதற்குப் பத்திரம் கிடையாது, சாட்சி கிடையாது. மலாய்க்காரர்களுக்கும் இதே ஏற்பாடு உண்டு, ‘பாவா’ என்கிறார்கள். நாம்தான் அவர்களுக்குக் கற்றுக்கொடுத்தோம் என்று நான் எங்கும் சொல்லி வருகிறேன். நீங்கள் ‘வாயை மூடுடா’ என்பீர்கள்.

இன்னொன்றும் பத்திரிகை படிப்பவர்களுக்குச் சொல்ல வேண்டும். மாட்டை விற்றால், விற்கிறவன் தன் கயிற்றை அவிழ்த்துக்கொள்வான். வாங்குகிறவன் தன் கயிற்றைப் போட்டு ஓட்டிக்கொண்டு போவான். வாரத்துக்கு விட்டால் உடையவன் கயிறு மாட்டின் கழுத்திலேயே கிடக்கும். மாடு எங்கே நின்றாலும் யாருடையது என்பதற்கு அந்தக் கயிறுதான் பேச்சு.

செவலையை நீங்கள் வாரத்துக்கு விட்டது உங்களுக்கு ஞாபகம் இருக்கும். பிரிக்பீல்ட்ஸில் மேய்ச்சல் சுருங்கிப்போய், ரயில் பாதை ஓரம் மேய்ந்த மாட்டையெல்லாம் பிடித்துக்கொண்டு போகத் தொடங்கிய சமயம். கிள்ளானுக்கு அப்பால் காப்பாரில் தென்னந்தோப்பு வைத்திருந்த பாக் சாலே வீட்டுக்குக் கிடேரியாக ஓட்டிக்கொண்டு போனோம். அவர் மலாய்க்காரர், நம்மை விட வயதில் பெரியவர், அதனால்தான் ‘பாக்’, அப்பா என்கிற மாதிரி. சிவப்புத் துணி வைத்து நீங்களே திரித்த கயிற்றைக் காட்டி, ‘இது கழுத்துல இருக்கிற வரைக்கும் இது என் மாடு, பாக்’ என்று சந்தையில் பேசுகிற பாஸார் மலாயில் சொன்னீர்கள். அவர் கயிற்றைத் தொட்டுப் பார்த்துத் தலையாட்டினார். தலையீத்து காளைக்கன்று, அவர் எடுத்துக்கொண்டார். அடுத்த ஈத்து உங்களுக்கு. அதற்குச் சினையாக இருக்கும்போதுதான் உங்களுக்குக் காய்ச்சல் கண்டது.

நீங்கள் போன இருபதாம் நாள் சேதி சொல்ல நான்தான் காப்பார் போனேன். ரயிலில் கிள்ளான் வரை, அங்கிருந்து பஸ். வெறும் கையோடு போக மனம் வராமல், கிள்ளான் கடையில் புதுக் கயிறு ஒன்று வாங்கினேன், பித்தளை மணி வைத்தது. பாக் சாலே சேதி கேட்டு ரொம்ப நேரம் பேசவில்லை. அந்த மௌனம் எனக்குத் தாங்கவில்லை, மச்சான். எதையாவது போட்டு நிரப்ப வேண்டியிருந்தது. ‘எங்க மச்சானுக்கு இப்ப நாப்பது மாடு, பாக். ஆள் வச்சுக் கறக்குறோம். இது ஒண்ணு எங்களுக்கு ஒரு கணக்கே இல்ல’ என்றேன். பிறகு செவலையிடம் போனேன். உங்கள் கயிறு அக்காவிடம் இருக்கட்டும் என்று தோன்றியது. நீங்கள் திரித்த கயிறு அல்லவா? அதை அவிழ்த்து மடியில் கட்டிக்கொண்டு, புதுக் கயிற்றைப் போட்டேன்.

பாக் சாலே என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். கண் கலங்கியிருந்தது. பத்துத் தேங்காய் கொடுத்து பஸ் வரை வந்து அனுப்பினார். என் பேச்சு அவரை உருக்கிவிட்டது என்று நினைத்துக்கொண்டே வந்தேன்.

வீட்டுக்கு வந்து கயிற்றை அக்காவின் மடியில் போட்டேன். அக்கா அதைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள்.

“இதை ஏன்டா அவுத்த?”

“மச்சான் கயிறுக்கா. உன்கிட்ட இருக்கட்டும்னு.”

“மாட்டுக் கழுத்துல இப்ப என்ன இருக்கு?”

“புதுசு. மணி வச்சது.”

“மாட்டைக் குடுத்துட்டு வந்திருக்க, படிச்ச மகராசா.”

மாட்டுக்காரர் குடும்பத்தில் பெண் கொடுத்தவன் நான். கயிறு அவிழ்ந்தால் மாடு கைமாறியது என்று என் தூக்கத்திலும் சொல்வேன். ஆனால் அன்று அது உங்கள் கயிறாக மட்டும்தான் கண்ணில் பட்டது. அக்காவிடம் அப்படிச் சொல்லவில்லை. ‘பாக் சாலேக்கு இதெல்லாம் எங்கே தெரியப்போகுது?’ என்றேன். தெரிந்திருந்தது. நீங்கள்தான் சொல்லிக்கொடுத்திருந்தீர்களே.

நாளைக்குப் போகிறேன், மறுநாள் போகிறேன் என்று நான் தள்ளிப்போட்டேன். ஒரு மாதம் கழித்துக் கிள்ளான் பஸ்காரர் வழியாகச் சேதி வந்தது. செவலை கன்று போட்டது, கிடேரி. பாக் சாலே அதைக் கல்யாணம் ஆகப்போகிற தன் மகள் ரொக்கியாவுக்கு என்று ஊரறியச் சொல்லிவிட்டாராம். நமக்கு ரொம்ப நன்றியாம்.

அப்போது கறுப்பியின் பால் ஏழு வீட்டுக்குக்கூடப் போதவில்லை. மற்ற வீடுகளுக்கு வேறு பால்காரர் வரத் தொடங்கியிருந்தார். எஸ்டேட்டில் ரப்பர் பால் வெட்டப் பெண்கள் வேண்டும் என்று ஒரு கங்காணி அக்காவிடமே வந்து கேட்டுவிட்டுப் போனார். அக்கா கொட்டகையைக் கழுவிக்கொண்டிருந்தாள். கறக்க ஒரு மாடு வராவிட்டால் அவள் எஸ்டேட் லயத்துக்குப் போவாள், கொட்டகையை வேறு யாராவது எடுப்பார்கள். எனக்கு அது தெரிந்தது. தெரிந்தும், மரத்த காலைக் கிள்ளிப் பார்ப்பதுபோல்தான் இருந்தது.

இரண்டாவது தடவை காப்பார் போனேன். உள்ளதைச் சொல்லத்தான் போனேன், உங்கள் மேல் ஆணை. ஆனால் வாய் திறந்ததும் வேறு வந்தது. ‘மச்சான் கனவுல வந்தாரு, பாக். வெள்ளைக் குதிரையில வந்தாரு. என் கயிறு எங்கேன்னு கேட்டாரு’ என்று ஆரம்பித்தேன்.

பாக் சாலே வெற்றிலையை மென்றுகொண்டே கேட்டார். “தம்பி, போன தடவை நாப்பது மாடுன்னே.”

“அது, பாக், அப்ப இருந்துச்சு.”

“ரெண்டு மாசத்துல நாப்பது மாடு எங்க போச்சு? புலி அடிச்சுதா?”

“புலின்னா புலி, பாக், இத்தா பெருசு…”

அவர் கையைக் காட்டி நிறுத்தினார். கோபம் இல்லை. “உன் அண்ணன் நாலு வார்த்தை பேசுவான், நாலும் நிக்கும். நீ நானூறு பேசற. அதுல எது மெய்னு கிழவனுக்குப் பிரிக்கத் தெரியல. அவன் பெண்சாதி வரட்டும். அவ சொல்றதைக் கேக்கறேன்.”

மச்சான், உங்களை அவர் என் அண்ணன் என்றார். நான் திருத்தவில்லை.

ஊரிலிருந்து வந்து கப்பல் விட்டு இறங்கிய பிறகு அக்கா ரயில் ஏறியது அதுதான் முதல் தடவை. பஸ் விட்டு இறங்கியதும் நின்று சொன்னாள்: “எனக்கு அவங்க பேச்சு வராது. நான் சொல்றதை நீ சொல்லு. ஒரு வார்த்தை கூட்டாத. கூட்டினேன்னு தெரிஞ்சா அப்பவே எந்திரிச்சு வந்துடுவேன்.”

பாக் சாலே வீட்டுப் படியில் அவளுக்குப் பாய் போட்டார்கள். தோப்பில் செவலை நின்றது. ரொக்கியா கன்றின் முதுகில் உண்ணி பொறுக்கிக்கொண்டிருந்தாள். அக்கா அதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“எங்ககிட்ட ரெண்டு மாடுதான். ஒண்ணு பால் மறந்துடுச்சு” என்றாள்.

நான் சொன்னேன். இரண்டு மாடு, ஒன்று பால் தராது. நாற்பது என்று நான் அளந்த அதே படியில் உட்கார்ந்து சொன்னேன். பாக் சாலே என் பக்கம் திரும்பவே இல்லை. அதுதான் அவர் எனக்குச் செய்த மரியாதை.

“கயித்தை அவுத்தது இவன் தப்பு. அறியாம செஞ்சுட்டான்.”

இதையும் சொன்னேன். ‘துக்கத்தில் செய்தான்’ என்று சேர்க்க நாக்கு துடித்தது. சேர்க்கவில்லை. துக்கம் என்று எதைச் சொல்வது, எனக்கே அது பிடிபடவில்லையே.

பாக் சாலே ரொக்கியாவைத் திரும்பிப் பார்த்தார். “என் மகளுக்குன்னு ஊருக்கே சொல்லிட்டேன். இப்ப திருப்பிக் குடுன்னு அவகிட்ட எப்படிச் சொல்வேன்?”

நான் தமிழில் சொன்னேன். அக்கா எழுந்து கன்றிடம் போனாள். ரொக்கியா ஒதுங்கினாள். ஒதுங்க வேண்டாம் என்று அவள் கையைப் பிடித்து மறுபடி கன்றின் முதுகிலேயே வைத்துவிட்டு அக்கா பேசினாள். “கன்னு இவளுக்குன்னு சொன்னது சொன்னதுதான். இவளுக்கே இருக்கட்டும். பால் மறக்கிற வரைக்கும் தாயும் கன்னும் எங்கிட்ட நிக்கட்டும். பால் எனக்கு. மறந்ததும் ரெண்டும் இங்க வரும். அடுத்த ஈத்து எனக்கு.”

நான் அப்படியே சொன்னேன். என் வாழ்நாளில் அவ்வளவு சின்னதாக நான் பேசியது கிடையாது.

“உடையவ வீட்டுல மாடு, வளர்த்தவன் வீட்டுக்குக் கன்னு. இதுல யாரு யாருக்கு வாரம் விட்டது?” என்று பாக் சாலே கேட்டார்.

“அது எனக்குத் தெரியாது. எனக்கு மாடுதான் தெரியும்.”

இதைக் கேட்டு அவர் சிரித்தார், பல் இல்லாத சிரிப்பு. “போலே” என்றார். ஆகட்டும் என்று அர்த்தம். அக்காவுக்கு நான் அதை மொழிபெயர்க்க வேண்டியிருக்கவில்லை.

வாரத்துக்கு இப்படியும் ஒரு பொருள் உண்டு என்று பத்திரிகைக்காரர் எழுதிக்கொள்ளலாம். எந்த வாத்தியாருக்கும் தெரியாதது.

செவலையையும் கன்றையும் கிள்ளான் வரை நடத்தி, கூட்ஸ் வண்டியில் ஏற்றிக் கொண்டுவந்தோம். பெரிய துரையே பச்சைக் கொடி காட்டினார் என்று எழுதலாம். காட்டியது நான்தான். போன பால் வீடுகளில் ஐந்து திரும்பி வந்துவிட்டன. கங்காணி மறுபடி வரவில்லை.

இன்று காலை அக்காவுக்குக் கை வலி என்று நான் கறந்தேன். நீங்கள் உட்கார்கிற பலகையில் உட்கார்ந்து, செவலையின் வயிற்றில் நெற்றியை வைத்தேன். இப்போதாவது அழுகை வரும் என்று பார்த்தேன். பால்தான் வந்தது. இரண்டு படி. ஒன்றரைதான், மச்சான்.

செவலை பால் மறக்கிற அன்றைக்கு நானே தாயையும் கன்றையும் காப்பாருக்கு ஓட்டிக்கொண்டு போய் ரொக்கியாவின் வாசலில் விடுவேன். வழியில் யாராவது கன்றைப் பார்த்து, ‘நல்ல கிடேரியா இருக்கே, யாருதுண்ணே?’ என்று கேட்பார்கள். நம்முடையது இல்லை என்று சொல்லிவிட்டு, வேறு ஒன்றும் பேசாமல் நடப்பேன். இது உங்களுக்கு நான் கொடுக்கிற வாக்கு.

அக்காவையும் கொட்டகையையும் பார்த்துக்கொண்டிருக்கும்,
உங்கள் மைத்துனன்,
பாக் சாலே கணக்கில் உங்கள் தம்பி.