எரிப்பதற்குச் செய்த தொட்டில்

ஹல், 14 ஜூன் 1943

அன்பு மகன் கிளிஃபர்டுக்கு அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் சுகம், கனடாவில் நீயும் விமானப்படைப் பயிற்சியும் பசியுமாக நன்றாக இருப்பாய் என்று நம்புகிறோம். தணிக்கையில் பிரித்துப் படிப்பார்கள் என்பதால் இதைத் தபாலில் போட எனக்குத் துணிச்சல் இல்லை, கப்பலில் வரும் எதிர்வீட்டு நார்மனிடம் கொடுத்திருக்கிறேன், படித்ததும் கிழித்துவிடு.

அரசாங்க வேலைக்குத் தச்சர்களைக் கூப்பிட்டார்கள் என்று எழுதியிருந்தேனே, அது என்ன வேலை என்று எனக்கே போன செவ்வாய்க்கிழமைதான் தெரிந்தது. ஜெர்மன்காரர் வீடு போலவே ஒரு வீட்டைக் கட்டி, கட்டில், அலமாரி, மேசை எல்லாம் அவர்கள் ஊர் அளவில் செய்யச் சொன்னார்கள், கூடவே ஒரு தொட்டிலும். அகதிகளுக்காக இருக்கும் என்று நினைத்துக்கொண்டேன், மடையன். குழந்தையின் கை கிழிபடக் கூடாதென்று தொட்டில் சட்டங்களை இரண்டு நாள் தேய்த்தேன். மேற்பார்வைக்கு வந்த பொறியாளர் தடவிப் பார்த்துவிட்டு, “எதுக்கு பெரியவரே இவ்ளோ வழவழன்னு? நாளைக்குக் கொளுத்தப் போறதுதானே” என்று சிரித்தார். மறுநாள் எங்களையும் நிற்கவைத்து, கூரை வழியாகத் தீக்குண்டு போட்டார்கள். கடிகாரமும் கையுமாக நின்ற ஒருவர், தொட்டில் எரியப் பதினோரு நிமிடம் என்று எழுதிக்கொண்டார். தொழிற்சாலைகளைத்தான் அடிக்கிறோம் என்று நீயும் எழுதினாய், வானொலியும் சொல்கிறது. தொழிற்சாலையில் தொட்டில் எதற்கடா?

அம்மாவிடம் சொன்னேன். “குண்டு போட்டு என் தங்கச்சி ஆக்னஸையும் அவ புள்ளைங்களையும் கொன்னாங்களே, அப்ப அவங்க ஊர்ல எவன் அழுதான்? அங்க சீக்கிரம் எரிஞ்சாத்தான் நம்ம பையன் சீக்கிரம் வீடு வருவான், பேசாம போய் வேலையப் பாருங்க” என்றாள். உன் சித்தியை இடிபாட்டிலிருந்து தோண்டி எடுத்தவன் நான், எனக்கு மறந்துவிடுமா? அம்மா சொல்வதில் தப்புக் கண்டுபிடிக்கவும் தெரியவில்லை. ஆனாலும் இன்னும் ஆறு தொட்டில் கேட்டபோது முடியாது என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன். மூன்று நாளாக அம்மா என்னோடு பேசுவதில்லை, தட்டை மேசையில் வைத்துவிட்டுப் போய்விடுகிறாள். அவளுக்குத் தனியாக இரண்டு வரி எழுது, கம்பளிக் காலுறை கிடைத்ததா என்றும் சொல்.

நான் விலகினால் வேறு தச்சன் வருவான், அவ்வளவுதான். நீ விலகினால் உன்னைச் சும்மா விடமாட்டார்கள், அதனால் விலகு என்று எழுதத் தைரியமில்லை, போ என்று எழுதவும் கை வரவில்லை. குண்டைக் குறிபார்த்துப் போடும் வேலையை உனக்குக் கொடுத்திருக்கிறார்கள். கீழே என்ன இருக்கிறது என்று தெரிந்த பிறகு உன்னிடம் மறைக்க என்னால் ஆகவில்லை, மன்னித்துவிடு. கடவுள் உன்னை முழுசாக எங்களிடம் திருப்பித் தரட்டும்.

உன் அப்பா,
ஹெர்பர்ட்