வெட்டுக்கிளி என்று அழைத்த மாமிக்கு

பிரியமுள்ள மாமி,

நீங்கள் போய் ஒரு வருஷம் திரும்புகிறது. உங்கள் மகன் கல்லறைக்குச் சுண்ணாம்பு அடித்துவிட்டு வந்தார். பேப்பரில் உங்கள் படத்தோடு அஞ்சலி போட வேண்டும், நாலு வரி எழுதிக் கொடு என்று என்னிடம் சொன்னார். நாலு வரிக்குள் நீங்கள் அடங்கவில்லை. அதனால் இப்படி, ஊரே படிக்கும்படி எழுதுகிறேன்.

கல்யாணத்துக்கு மறுநாள் நினைவிருக்கிறதா? அருமனை வீட்டின் அடுக்களை நிறையச் சொந்தக்காரப் பெண்கள். நான் பச்சைச் சேலை கட்டியிருந்தேன். அப்போது இன்னும் ஒல்லி, கால்கள் மட்டும் நீளம். நீங்கள் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு உங்கள் மகனிடம் கேட்டீர்கள்: “ஏலே, நீ பெண்ணு கெட்டப் போனியா, வெட்டுக்கிளி பிடிக்கப் போனியா?” எல்லாரும் சிரித்தார்கள். நானும் சேர்ந்து சிரித்தேன்.

நான் ஏன் சிரித்தேன் என்று நீங்கள் கேட்டதே இல்லை. புதுக்கடையில் எங்கள் வீட்டில் அந்தப் பச்சைப் பூச்சிக்குப் பச்சைக்குதிரை என்று பெயர். மழைக்காலத்தில் விளக்கு வெளிச்சத்துக்கு வந்து, காலும் கொம்பும் முளைத்த இலை மாதிரி சுவரில் ஒட்டிக்கொள்ளும். விளக்குமாற்றை எடுத்தால் என் அம்மை கையைப் பிடித்துவிடுவாள். “அடிக்காத மக்கா, நல்ல சேதி கொண்டு வருது” என்பாள். அதனால் நீங்கள் என்னை வாழ்த்துகிறீர்கள் என்றே நினைத்தேன், மாமி. வந்த வீட்டில் முதல் நாளே செல்லப் பெயர் வைத்துவிட்டார்கள் என்று அம்மையிடம் போனில் பெருமையாகச் சொன்னேன்.

நீங்கள் சொன்னது பயிரைத் தின்று அழிக்கும் வேறு கிளியை என்பது, முதல் கரு கலைந்தபோதுதான் விளங்கியது. ஆஸ்பத்திரியிலிருந்து வந்து உள்ளறையில் படுத்திருந்தேன். பக்கத்து வீட்டு அக்கா வாசலில் நின்று விசாரித்தாள். நீங்கள் குரலைத் தாழ்த்தக்கூட இல்லை. “வெட்டுக்கிளிக்க வயித்துல பச்சை நிக்குமாட்டி? அதையும் அவளே தின்னுருப்பா” என்றீர்கள். அந்த அக்கா படியிறங்கிப் போய்விட்டாள். நான் சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்தேன்.

பிறகு ஷைனி பிறந்தாள். பெயர் போகவில்லை. ரப்பர் விலை இறங்கினால் வெட்டுக்கிளி. கிணற்றில் தண்ணீர் வற்றினால் வெட்டுக்கிளி. குடும்ப ஜெபத்தில், கர்த்தர் எகிப்துக்கு அனுப்பிய வாதைகளைப் பற்றி வேதத்தில் வாசிக்கும்போது அந்த ஒரு சொல்லில் மட்டும் நிறுத்தி என்னைப் பார்ப்பீர்கள். பள்ளிக்கூடத்தில் ஷைனியை “வெட்டுக்கிளிக்க மவ” என்று பிள்ளைகள் கூப்பிட்டார்கள். ஸ்டெல்லா என்று ஒருத்தி அந்த வீட்டில் இருந்தது ரேஷன் கார்டுக்கு மட்டும்தான் தெரியும். உங்கள் மகன் என்னை “இஞ்ச பாரு” என்பார். அவரும் பெயர் சொன்னதில்லை.

அப்புறம் உங்களுக்கு அந்த நோய் வந்தது. காலையில் கோழிக்குத் தீனி போட்டுக்கொண்டிருந்தவர் அப்படியே சரிந்தீர்கள். வலது கையும் காலும் விழுந்துவிட்டன. பேச்சும் போனது. தக்கலையில் காட்டினோம், நாகர்கோவிலில் காட்டினோம். கொஞ்ச நாள் கழித்து உங்கள் நாக்கு அசைந்தது. உங்கள் மகன் கட்டிலருகே மண்டியிட்டு, “அம்மா, என்னைத் தெரியுதா? எனக்க பேரைச் சொல்லுங்க” என்றார். நீங்கள் அவர் முகத்தைப் பார்த்துத் தெளிவாகச் சொன்னீர்கள்: “வெட்டுக்கிளி.”

டாக்டர் விளக்கினார். இந்த நோயில் சிலருக்கு ஒரே ஒரு சொல் மட்டும் மிஞ்சிவிடுமாம். பெரும்பாலும் வாயில் அதிகம் புழங்கிய சொல்லாக இருக்குமாம். உங்கள் மகன் அறையை விட்டு வெளியே போய் அழுதார். நான் அழவில்லை.

பசித்தால் அந்தச் சொல். வலித்தால் அந்தச் சொல். வெள்ளம் குடிக்க வேண்டுமென்றாலும் அதுதான். தாங்க முடியாமல் கர்த்தரைக் கூப்பிட்டபோதும், மாமி, உங்கள் வாயில் வெட்டுக்கிளிதான் வந்தது. தக்கலையிலிருந்து உங்கள் மகள் ஓடி வந்தாள். “அம்மா, நான்தான் வந்திருக்கேன்” என்று உங்கள் கன்னத்தைத் தடவினாள். அவளையும் அப்படியே கூப்பிட்டீர்கள். என் கல்யாணத்துக்கு மறுநாள் அடுக்களையில் எல்லாரையும்விடச் சத்தமாகச் சிரித்தவள் அவள். முகம் வெளுத்துப்போய், “மைனி, அம்மை ஏன் என்னை இப்பிடி விளிக்கா?” என்று கேட்டாள். “பழகிப் போகும்” என்றேன்.

ஒரே சொல்லை நீங்கள் எத்தனை விதமாகச் சொன்னீர்கள் என்பது எனக்கு மட்டும்தான் பிடிபட்டது. கடைசி எழுத்து இழுபட்டால் வயிறு. வெட்டென்று முறிந்தால் முதுகு. கெஞ்சுவது போல மெல்ல வந்தால் வெள்ளம். உங்கள் பிள்ளைகளுக்கு ஒன்றும் புரியாது, என்னைத்தான் கூப்பிடுவார்கள். நான் வந்து கஞ்சி ஊட்டினேன், துணி மாற்றினேன், புண் வராமல் புரட்டிப் போட்டேன். அன்பினால் என்று ஊர் சொல்லியது. அன்பில்லை மாமி. வேறு ஆளில்லை.

கடைசி நாள் மத்தியானம் என் கையைப் பிடித்துக்கொண்டு அதே சொல்லை மெல்லச் சொன்னீர்கள். நான் கரண்டியால் வெள்ளம் விட்டேன். அது உள்ளே இறங்காமல் கடைவாயில் வழிந்தது. அடக்கத்தின்போது உங்கள் மகள் எல்லார் முன்னாலும் ஏங்கி ஏங்கிச் சொன்னாள்: “எனக்க அம்மை கடைசி மூச்சுல மருமவளைத்தான் விளிச்சா. மன்னிப்பு கேட்டுட்டுத்தான் போனா.” கூட்டமே அழுதது. பெண்கள் வந்து என்னைக் கட்டிக்கொண்டார்கள். மன்னிப்புக்கு உங்களிடம் ஒரு தொனி இருந்ததாக எனக்குத் தெரியாது. அது வெள்ளம்தானே, மாமி?

இனி இங்குள்ள சேதி. இந்த வருஷம் கோடை மழைக்குப் பிறகு நம் விளைத் தோட்டத்தில் உண்மையாகவே வெட்டுக்கிளி இறங்கிவிட்டது. என் அம்மை காப்பாற்றிய பச்சைக்குதிரை இல்லை. கறுத்த உடம்பில் மஞ்சள் புள்ளி போட்ட தடியன்கள். ரப்பர் தளிரும் வாழை இலையும் நரம்பு மட்டும் மிஞ்சி நின்றன. பிடித்தால் துள்ளி ஓடாது. சீறிக்கொண்டு உடம்பிலிருந்து நுரை தள்ளும், கையெல்லாம் நாறும். மண்ணைக் கிளறி முட்டையை வெயிலில் காய விடுங்கள், பூச்சியைக் கையால் பொறுக்குங்கள் என்று வேளாண்மை ஆபீசர் வந்து சொன்னார். நானும் வேலைக்கு வந்த பெண்களும் சோப்புத் தண்ணீர் வாளியோடு விளையில் இறங்கினோம். வேலி ஓரம் நின்றவர்கள் என்னைப் பார்த்து வாயைப் பொத்திச் சிரித்தார்கள். எதற்கென்று உங்களுக்குத் தெரியும்.

மத்தியானம் உங்கள் மகன் வந்தார். நீங்கள் நட்ட ஏத்தன் வாழைகள் மொட்டையாக நிற்பதைப் பார்த்தார். என்னையும் பார்த்தார். “வெட்டுக்கிளியை வீட்டுக்குள்ள வச்சிருந்தா வெளியில உள்ளது வராம இருக்குமா?” என்றார். இத்தனை வருஷத்தில் அவர் வாயில் அது வந்தது அன்றைக்குத்தான். வாளியைக் கீழே வைத்தேன்.

பிள்ளைப்பேற்றுக்கு வந்திருந்த ஷைனி வயிற்றைப் பிடித்துக்கொண்டு படியிறங்கி வந்தாள். “அப்பா, அம்மைக்க பேரு ஸ்டெல்லா. ஒருக்கா சொல்லுங்க, கேக்கட்டு” என்றாள். அவர் வாய் திறந்தது. வேலைக்கு வந்த பெண்கள் கையை நிறுத்திவிட்டுப் பார்த்தார்கள். அவர் மண்வெட்டியை எடுத்துக்கொண்டு அடுத்த வரிசைக்குப் போய்விட்டார். கிளிகளை ஒழித்துவிட்டோம். வாழை திரும்பத் துளிர்க்கிறது. அவர் இன்னும் சொல்லவில்லை.

ஷைனிக்குப் பெண் குழந்தை. உங்கள் நெற்றிதான், நன்றாக இருக்கிறாள். போன ஞாயிறு உங்கள் மகன் அவளை மடியில் வைத்துக்கொண்டு, “ஞானஸ்நானத்துக்கு எனக்க அம்மைக்க பேரையே வைப்போம்” என்றார். வைக்க வேண்டாம் என்றேன்.

“செத்தவங்க மேல இப்பிடியா பகை?”

“பகை ஒண்ணும் இல்ல. அந்தப் பேரை வாயெடுத்து விளிக்க எனக்கு ஆவாது. அவ்வளவுதான்.”

அவர் ஷைனியைப் பார்த்தார். ஷைனி பிள்ளையை வாங்கிக்கொண்டு உள்ளே போனாள்.

நாளை கல்லறைக்கு வருகிறேன். புல்லைச் செதுக்குவேன், மெழுகுதிரி கொளுத்துவேன், உங்களுக்குப் பிடித்த அரளிப் பூவும் வைப்பேன். நான் நடமாடும் வரை ஒரு வருஷமும் அது தவறாது. ஆனால் உங்கள் பெயர் அந்தக் கல்லிலேயே இருக்கட்டும். நான் உயிரோடு இருக்கும் வரை இந்த வீட்டில் அந்தப் பெயருக்கு ஒரு குழந்தையும் திரும்பிப் பார்க்காது. இது உங்களுக்கு நான் தரும் வாக்கு, மாமி.

இப்படிக்கு,
உங்களுக்குக் கஞ்சி ஊட்டிய மருமகள்,
ஸ்டெல்லா